வைஜீலா பூக்கவில்லையா? கத்தரியை எப்போது எடுத்தீர்கள்?

ஜூன் முதல் வாரம். டொராண்டோவின் பக்கத்து ஊர்களில் எந்தத் தெருவில் நடந்தாலும் நான்கு வீட்டுக்கு ஒரு வீட்டின் முன்னால் வைஜீலா என்ற பூப்புதர் பூத்துக் குலுங்கும். வில்லாய் வளைந்த கிளைகள், அவற்றின் நீளத்துக்கும் இளஞ்சிவப்பிலோ கருஞ்சிவப்பிலோ புனல் வடிவப் பூக்கள், வேலை ஓயாத தேனீக்கள், இடையிடையே ஓசனிச்சிட்டு. அதே தெருவில் அதே வயதுள்ள இன்னொரு செடி பச்சைப் பந்தாக நிற்கும். இலை செழிப்பாக இருக்கும், பூ மட்டும் விரல்விட்டு எண்ணும் அளவுக்குத்தான். இந்த இரண்டாவது செடியின் சொந்தக்காரர்கள் உரம் போதவில்லையோ, மண் சரியில்லையோ என்று கவலைப்படுகிறார்கள். பெரும்பாலும் இரண்டும் காரணமில்லை. தவறான மாதத்தில் கவாத்து செய்திருக்கிறார்கள், அதாவது கிளைகளை வெட்டியிருக்கிறார்கள்.

வைஜீலா சென்ற ஆண்டு வளர்ந்த தண்டில்தான் பூக்கும். இந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டால் மற்ற வேலைகளெல்லாம் தாமாக ஒழுங்குக்கு வரும். சென்ற கோடையில் நீண்டு வளர்ந்த கிளையின் ஒவ்வொரு கணுவிலும் எதிரெதிராக இரண்டு மொட்டுகள் குளிர்காலம் முழுக்கக் காத்திருக்கும். ஏப்ரல் இறுதியில் அவை விழித்து விரல் நீளத்துக்குச் சிறு பக்கக்கிளைகளை விடும். பூங்கொத்து அந்தப் பக்கக்கிளைகளில் வரும். ஆக, ஜூனில் பார்க்கும் பூவுக்கான தண்டு முந்தைய ஆண்டு ஜூலை, ஆகஸ்டிலேயே உருவாகிவிட்டது. இலையுதிர்காலத்தில் தோட்டத்தைச் சுத்தம் செய்கிறேன் என்று அக்டோபரில் நுனிகளை வெட்டினாலும், பனி கரைந்ததும் ஏப்ரலில் ஒழுங்குபடுத்தினாலும், வெட்டி எறிவது அடுத்து வரும் ஜூனின் பூவைத்தான். மின்கத்தரியால் உருண்டையாகச் சிரைப்பது இன்னும் கெடுதல். பூக்கும் தண்டுகள் முழுவதும் வெளிச்சுற்றில்தான் இருக்கின்றன. அவை போய்விட்டால் உள்ளே மிஞ்சுவது வயதான, சோர்ந்த கிளைகள்.

சரியான காலம், பூ உதிர்ந்ததிலிருந்து மூன்று நான்கு வாரங்களுக்குள். தெற்கு ஒன்ராறியோவில் அது ஜூன் கடைசியிலிருந்து ஜூலை நடுப்பகுதி வரை. இங்கிலாந்தில் பூ சற்று முன்னதாகவே வருவதால் கவாத்தும் முன்னால் நகரும். நாட்காட்டியைவிடச் செடியைப் பார்ப்பது நல்லது: கடைசிப் பூக்கள் வாடி, அவற்றின் அடியில் புதுத் தளிர்கள் நீளத் தொடங்கும்போது கத்தரியை எடுக்கலாம். ஜூலை முடிந்தபின் கை வைத்தால், புதிதாக வரும் தளிர்கள் உறைபனிக்கு முன் முற்ற நேரம் இருக்காது.

இனி, எதை வெட்டுவது. முதலில் தூரைப் பாருங்கள். செடியின் அடியில் குனிந்து தண்டுகளை வயதுவாரியாகப் பிரித்துக்கொள்ள வேண்டும். இளந்தண்டு வழுவழுப்பாக, வெளிர் பழுப்பாக இருக்கும். உற்றுப் பார்த்தால் ஒரு கணுவிலிருந்து அடுத்த கணுவுக்கு இரண்டு வரிசையாக மெல்லிய மயிர்கள் ஓடுவது தெரியும். தோட்டங்களில் அதிகம் காணும் வைஜீலா புளோரிடா என்ற இனத்தை இலை இல்லாத காலத்திலும் அடையாளம் காண இந்த மயிர்வரிசை உதவும். கிழத்தண்டோ தடித்து, சாம்பல் நிறமாகி, பட்டை நார் நாராக உரிந்திருக்கும். நான்கைந்து ஆண்டு தாண்டிய தண்டில் பூ குறைந்துகொண்டே போகும், நுனிகளில் காய்ந்த குச்சிகள் சேரும். இப்படிப்பட்ட கிழத்தண்டுகளில் மூன்றில் ஒன்றை அல்லது நான்கில் ஒன்றைத் தரையோடு ஒட்ட வெட்டிவிடுங்கள். பாதி உயரத்தில் வெட்டினால் அந்த வெட்டுவாயிலிருந்து துடைப்பம் போலக் குச்சிகள் கிளம்பும். செடியின் இயல்பான வளைவு கெட்டுவிடும். தரையோடு வெட்டினால்தான் தூரிலிருந்து புதுத்தண்டு எழும்பும்.

அடுத்து, பூத்து முடிந்த மெலிந்த நுனிகள். ஒவ்வொன்றையும் பின்தொடர்ந்து வாருங்கள். கீழே வலுவான புதுப் பக்கக்கிளை ஒன்று கிளம்பியிருக்கும். அதற்குச் சற்று மேலே, அரை செ.மீ. விட்டு, வெட்டுங்கள். எல்லா நுனியையும் ஒரே மட்டத்தில் வெட்ட வேண்டாம். ஒன்று நீளம், ஒன்று குட்டை என்று விட்டால்தான் வில்லாக வளையும் அழகு தங்கும். ஒரே ஆண்டில் மொத்தச் செடியில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் எடுக்காமல் இருப்பது நலம்.

கருவி பற்றி ஒரு வார்த்தை. இரண்டு செ.மீ. வரையுள்ள தண்டுக்குக் கைக்கத்தரி போதும். அதன் இரண்டு வாய்களும் ஒன்றையொன்று உரசித் தாண்டிச் செல்லும் வகையாக இருக்கட்டும். ஒரு வாய் தட்டையான அடிக்கட்டையில் போய் முட்டும் வகை இளந்தண்டை நசுக்கிவிடும். நான்கு செ.மீ. வரை நீளக்கைப்பிடிக் கத்தரி, அதற்கு மேல் மடக்கு ரம்பம். தூருக்குள் நெருக்கமாக நிற்கும் தண்டுகளுக்கு நடுவே ரம்பம்தான் எளிதாக நுழையும். வெட்டுவாயில் பூசும் மருந்து எதுவும் வேண்டாம். காய்ந்த நாளில் வெட்டினால் தானே மூடிக்கொள்ளும்.

வசந்தத்தில் கத்தரி எடுக்க ஒரே ஒரு காரணம் உண்டு: பட்டுப்போன நுனி. கடுங்குளிர் ஆண்டுகளில் கிளை நுனிகள் ஒரு சாண் வரை பட்டுப்போவது வைஜீலாவுக்கு வழக்கம்தான். ஆனால் ஏப்ரலிலேயே பட்டது என்று முடிவு கட்ட வேண்டாம். மே நடுவில் இலை நன்றாக விரிந்தபின் பாருங்கள். இலை வராத தண்டின் பட்டையை நகத்தால் சுரண்டினால் உள்ளே பச்சை தெரிந்தால் உயிர் இருக்கிறது, பழுப்பாக உலர்ந்திருந்தால் இல்லை. பச்சை தொடங்கும் இடத்துக்குக் கீழே வரும் முதல் உயிர்மொட்டுக்கு மேல் வெட்டுங்கள். அதற்கு ஒரு கணுகூடக் கீழே போக வேண்டாம். ஒவ்வொரு கணுவும் இரண்டு பூங்கொத்து.

பல ஆண்டு கவனிக்காமல் விட்ட செடி, அல்லது முன்பு வீட்டில் இருந்தவர்கள் உருண்டையாக வெட்டி வெட்டிக் குச்சிக்காடாக்கிய செடி இருந்தால் வழி வேறு. மார்ச் கடைசியில், மொட்டு விழிக்குமுன், எல்லாத் தண்டுகளையும் தரையிலிருந்து 15 முதல் 30 செ.மீ. உயரத்தில் வெட்டிவிடலாம். வேர் வலுவாக இருந்தால் மே, ஜூனில் தூரிலிருந்து புதுத்தண்டுகள் புற்றீசலாய்க் கிளம்பும். அவை எல்லாவற்றையும் வளரவிட்டால் இரண்டே ஆண்டில் பழைய நெரிசல் திரும்பிவிடும். ஜூலையில் எட்டோ பத்தோ நல்ல தண்டுகளை, ஒன்றுக்கொன்று இடைவெளி பார்த்து நிறுத்திவிட்டு மற்றதை அடியோடு எடுத்துவிடுங்கள். அந்த ஆண்டு பூ இருக்காது, அடுத்த ஜூனில் தண்டு முழுக்கப் பூக்கும். ஓராண்டுப் பூவை விட மனமில்லாதவர்கள் ஆண்டுக்கு மூன்றில் ஒரு பங்கு கிழத்தண்டு என்று மூன்று ஆண்டில் முடிக்கலாம். பலவீனமான செடிக்கு, வெயில் குறைந்த இடத்தில் நிற்கும் செடிக்கு இந்த மூன்றாண்டு வழிதான் பாதுகாப்பானது. ஒரேயடியாக வெட்டினால் அவை மீண்டு எழாமல் போகலாம்.

கவாத்து சரியாக இருந்தும் பூக்கவில்லை என்றால் இரண்டு இடங்களைப் பாருங்கள். முதலாவது வெயில். நாளுக்கு ஆறு மணி நேரமாவது நேர்வெயில் வேண்டும். நட்டபோது நல்ல வெயில் இருந்திருக்கும், பத்து ஆண்டில் பக்கத்து மேப்பிள் மரம் வளர்ந்து மூடியிருக்கும். மூன்று மணி நேர வெயிலிலும் வைஜீலா உயிரோடு இருக்கும், இலையும் விடும், பூ மட்டும் குறையும். ஊதா இலை வகைகள் நிழலில் நிறமிழந்து அழுக்குப் பச்சையாகிவிடும். அதுவே வெயில் போதவில்லை என்பதற்கு நல்ல அடையாளம். இரண்டாவது, புல்தரைக்குப் போடும் உரம். அதில் தழைச்சத்து மிக அதிகம். புல்லின் ஓரத்தில் நிற்கும் வைஜீலாவின் வேர் அந்த உரத்தையும் சேர்த்தே உறிஞ்சிக்கொள்ளும். தண்டு மடமடவென்று நீளும், இலை பெரிதாகும், பூ வராது. முற்றாத அந்தத் தண்டு குளிரில் பட்டும் போகும். ஏப்ரலில் ஒருமுறை தொழுஉரமோ மட்கோ இரண்டு செ.மீ. தடிப்பில் பரப்பினால் போதும். ஆகஸ்டுக்குப் பிறகு எந்த உரமும் வேண்டாம்.

இது கிழக்காசியச் செடி. வட சீனா, கொரியா, ஜப்பான் பகுதிகளின் மலைச்சரிவுகளும் காட்டோரங்களும் இதன் சொந்த இடம். ஜெர்மனியின் கிரைஃப்ஸ்வால்ட் பல்கலைக்கழகப் பேராசிரியர் கிறிஸ்டியன் எரன்ஃப்ரீட் வைகலின் நினைவாக, ஸ்வீடனைச் சேர்ந்த தாவரவியலாளர் துன்பர்க் 1780இல் இந்தப் பெயரை வைத்தார். இன்று வீட்டுத்தோட்டங்களில் அதிகம் இருக்கும் வைஜீலா புளோரிடாவை 1840களில் சீனாவிலிருந்து இங்கிலாந்துக்கு அனுப்பியவர் செடி சேகரிப்பாளர் ராபர்ட் ஃபார்ச்சூன். சூசான் தீவில் ஓர் அதிகாரியின் தோட்டத்தில் அதைக் கண்டார்.  காட்டில் அல்ல, தோட்டத்தில் கிடைத்தது என்றால், சீனத் தோட்டக்காரர்கள் அதற்கு முன்பே அதை வளர்த்து வந்திருக்கிறார்கள் என்பதே பொருள். இன்னொரு இனமான கொரியென்சிஸில் பூ வெள்ளையாக விரிந்து, இளஞ்சிவப்பாகி, கருஞ்சிவப்பில் முடியும். ஒரே கிளையில் ஒரே நாளில் மூன்று நிறமும் இருக்கும். மிடென்டார்ஃபியானா என்ற இனத்தில் மஞ்சள் பூ.

கடையில் வாங்கும்போது பூவின் நிறத்தைவிட முதிர்ந்த உயரத்தை முதலில் பாருங்கள். சன்னலுக்குக் கீழே இரண்டு மீட்டர் வளரும் வகையை நட்டுவிட்டு ஆண்டுதோறும் அதை ஒரு மீட்டருக்கு வெட்டிக்கொண்டிருப்பதுதான் பூ வராததற்கு அடிக்கடி காணும் மூலகாரணம். பிரிஸ்டல் ரூபி இரண்டு மீட்டரை எட்டும். செந்நிறப் பூ, வலுவான செடி, வேலியோரத்துக்கு இன்றும் என் முதல் தேர்வு. அயோவா மாநிலப் பல்கலைக்கழகத்திலிருந்து வந்த ரெட் பிரின்ஸ் சற்றுக் குட்டை, குளிரைத் தாங்கும். வைன் அண்ட் ரோசஸ் ஊதா இலைக்காக வாங்கப்படுவது, ஒன்றரை மீட்டர் வரை. மிட்நைட் வைன் 60 செ.மீ. தாண்டாது; அதை இலைக்காக வாங்குங்கள், பூவை நம்பி வேண்டாம். கனடாவில் இருப்பவர்கள் மினுயெட், ரும்பா, டாங்கோ, சாம்பா, போல்கா என்ற நடனப் பெயர்களைக் கவனிக்கலாம். ஒட்டாவாவில் அரசின் வேளாண் ஆய்வுத் துறையில் ஃபெலிசிடாஸ் ஸ்வெய்டா உருவாக்கிய வகைகள் அவை. குளிர் தாங்கும் எக்ஸ்ப்ளோரர் ரோஜா வகைகளைத் தந்தவரும் அவரே. ஒட்டாவாக் குளிரில் தேர்ந்தெடுக்கப்பட்டவை என்பதால், நுனி பட்டுப்போகும் தொல்லை உள்ளவர்களுக்கு மினுயெட்டைத் தயங்காமல் சொல்வேன். முக்கால் மீட்டர் உயரம், சன்னலுக்குக் கீழே கச்சிதமாக நிற்கும்.

சோனிக் புளூம் போன்ற புது வகைகள் கோடை முழுக்கப் பூக்கும் என்று பெயர்ச்சீட்டில் இருக்கும். முதல் பூப்பு ஜூனில் முழுமையாக வரும். அதன் பிறகு வருவது ஆங்காங்கே சில கொத்துகள்தான். அவையும் ஜூலையில் மண் வறளாமல் பார்த்துக்கொண்டு, முதல் பூ உதிர்ந்ததும் நுனிகளை லேசாக வெட்டிவிட்டால் மட்டுமே.

வெள்ளை அல்லது மஞ்சள் விளிம்புள்ள இலை வகைகளில் ஒரு கண் வேண்டும். நடுவே முழுப்பச்சை இலையோடு ஒரு கிளை திடீரென்று கிளம்பும். பச்சையம் கூடுதலாக இருப்பதால் அது மற்றக் கிளைகளைவிட வேகமாக வளர்ந்து நாலைந்து ஆண்டில் செடியையே விழுங்கிவிடும். இந்தக் கிளைக்கு மாதக் கணக்கு கிடையாது. கண்டவுடன் அது கிளம்பிய இடத்தோடு வெட்டிவிட வேண்டும்.

நடுவதற்கு மே அல்லது செப்டம்பர். இங்கே பல இடங்களில் களிமண். முதலில் 30 செ.மீ. ஆழக் குழி எடுத்துத் தண்ணீர் நிரப்பி வடியவிடுங்கள். மறுபடி நிரப்பி, மணிக்கு எவ்வளவு இறங்குகிறது என்று அளந்து பாருங்கள். 2.5 செ.மீ.கூட இறங்கவில்லை என்றால் அந்த இடம் வைஜீலாவுக்கு ஆகாது. வேறு இடமில்லை என்றால் வேர்க்கட்டு தரைக்கு மேல் ஐந்து செ.மீ. எழும்பி நிற்கும்படி மேட்டில் நடுங்கள். குழியின் அகலம் தொட்டியைப்போல் இரண்டு மூன்று மடங்கு, ஆழம் வேர்க்கட்டின் உயரம் மட்டும். ஆழமாகப் புதைத்த செடி ஆண்டுக்கணக்கில் வளராமல் நின்றுவிடும். தொட்டிக்குள் வேர் வட்டமாகச் சுற்றியிருந்தால் கத்தியால் நான்கு பக்கமும் இரண்டு செ.மீ. ஆழத்துக்கு மேலிருந்து கீழாகக் கீறிவிடுங்கள். எடுத்த மண்ணையே திரும்பப் போடுங்கள். குழிக்குள் மட்டும் பஞ்சுபோன்ற பைமண்ணை நிரப்பினால் களிமண்ணுக்கு நடுவே தண்ணீர் தேங்கும் கிண்ணம்தான் உண்டாகும். மட்கு மேலே போகட்டும். மரச்சீவல் மூடாக்கு ஐந்து செ.மீ., தண்டைத் தொடாமல் ஒரு கை அகலம் தள்ளி. சுவரிலிருந்து தூரம், முதிர்ந்த அகலத்தில் பாதியும் கூட 30 செ.மீ.யும்.

முதல் ஆண்டு மழையில்லாத வாரத்தில் பத்து முதல் பதினைந்து லிட்டர், மெதுவாக, தூரைச் சுற்றி. ஜூலை வெக்கையில் வாரம் இருமுறை. இரண்டாம் ஆண்டிலிருந்து நீண்ட வறட்சிக்கு மட்டும் ஊற்றினால் போதும். மண்ணின் அமில-கார அளவு (பி.எச்.) 5.5 முதல் 7.5 வரை தாங்கும். சுண்ணாம்பு மிகுந்த மண்ணில், குறிப்பாகப் புதுக் கட்டடத்தின் சிமென்ட் இடிபாடு கலந்த இடத்தில், நரம்பு பச்சையாக இருக்க இலை மஞ்சளாகும்.

குட்டை வகையைத் தொட்டியில் வைக்கலாம், 40 செ.மீ. வாயுள்ளதாக. தரையைவிடத் தொட்டியில் வேருக்குக் குளிர் அதிகம் தாக்கும் என்பதால் டிசம்பரில் சூடேற்றாத கராஜுக்குள் நகர்த்தி, மாதம் ஒருமுறை கொஞ்சம் நீர் விடுங்கள். வீட்டுக்குள் கொண்டுவர வேண்டாம், குளிர் உறக்கம் இல்லாமல் இது ஒழுங்காகப் பூக்காது. சென்னையிலும் மதுரையிலும் வளர்க்கலாமா என்று கேட்பவர்களுக்கும் இதுதான் பதில். நீலகிரி, பழனி மலைச் சோலைகளில் இதே குடும்பத்து லோனிசெரா கொடிகள் இயற்கையாகவே உண்டு, ஆனால் சமவெளி வெப்பம் வைஜீலாவுக்கு ஒத்துவராது.

பூச்சித் தொல்லை குறைவு. ஜூன் தொடக்கத்தில் இளந்தளிரில் மிளகளவு வட்டமான கரும்புள்ளிகள் வரிசையாக வந்தால் நோய் என்று பயந்து பூஞ்சாணக்கொல்லி அடிக்காதீர்கள். முதுகில் நான்கு கருங்கோடுகள் ஓடும் மஞ்சள்பச்சைச் செடிப்பூச்சி சாறு உறிஞ்சிய தடம் அது. ஆண்டுக்கு ஒரே தலைமுறை. சில வாரங்களில் தானே போய்விடும். ஆள் நெருங்கினால் இலையின் மறுபக்கம் ஓடி ஒளியும். காலைக் குளிரில் சோப்புத் தண்ணீர்ப் பாத்திரத்தில் தட்டிவிடுவதே போதுமான மருந்து. நரம்புகளுக்கு நடுவே கட்டம் கட்டமாகப் பழுப்பு படர்ந்தால் அது இலை நூற்புழுவாக இருக்கலாம். இது நனைந்த இலையின் நீர்ப்படலத்தில் நீந்திப் பரவும். அந்த இலைகளைப் பறித்துக் குப்பையில் போடுங்கள், மட்குக் குழியில் வேண்டாம். மேலிருந்து தெளித்து நீர் விடுவதையும் நிறுத்துங்கள்.

கனடாவில் இருப்பவர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய உறவுச்செடி டியர்வில்லா லோனிசெரா. கிழக்குக் கனடாவின் சொந்தச் செடி, சிறு மஞ்சள் பூ, நிழலையும் வறட்சியையும் வைஜீலாவைவிட நன்றாகத் தாங்கும். வைஜீலாவையே ஒரு காலத்தில் டியர்வில்லா பேரினத்தில் சேர்த்து வைத்திருந்தார்கள். ஆனால் டியர்வில்லா அந்த ஆண்டுப் புதுத்தண்டில் பூப்பது, அதனால் கவாத்து ஏப்ரலில். இரண்டும் அருகருகே நின்றால் கத்தரியோடு போகுமுன் எது எது என்று பார்த்துக்கொள்ளுங்கள். வேலியோரத்தில் தானாக முளைத்து ஆடியில் சிவப்புப் பழம் காய்ப்பது வைஜீலாவே இல்லை. அது பரவிக் கெடுக்கும் தார்த்தாரிய ஹனிசக்கிள் புதரோ அதன் உறவோ. தண்டைக் குறுக்கே வெட்டினால் நடுவே பொள்ளலாக இருக்கும். வைஜீலாவின் காய் உலர்ந்து வெடிக்கும் பழுப்புக் குழல், சதையே கிடையாது. பொள்ளலைப் பார்த்தால் வேரோடு எடுத்துவிடலாம்.

பெருக்குவது எளிது. கவாத்தில் விழும் பூக்காத புதுத் தளிர்களே நல்ல நாற்று. ஜூன் கடைசி, ஜூலையில் 10 முதல் 12 செ.மீ. நீளத் துண்டு, கணுவுக்குச் சற்றுக் கீழே வெட்டியது. கீழிலைகளைக் களைந்து, மேலே ஒரு சோடியை விட்டு, அவையும் பெரிதென்றால் பாதியாக நறுக்கிவிடுங்கள். 0.1 முதல் 0.3 சதவீதம் ஐபிஏ (வேர் வளரத் தூண்டும் வேதிப்பொருள்) உள்ள வேர்த்தூண்டிப் பொடியில் நுனியைத் தொட்டு, பெர்லைட்டும் (இலேசான வெள்ளைக் கற்குருணை) பீட்டும் (சதுப்பு நிலப் பாசிமட்கு) சரிபாதியான கலவையில் முன்பே குச்சியால் துளையிட்டு நடுங்கள். நேராகக் குத்தினால் பொடி மேலேயே உதிர்ந்துவிடும். பிளாஸ்டிக் பை மூடி, வெளிச்சமான நிழலில் வைத்தால் மூன்று நான்கு வாரத்தில் வேர் வரும். அழுகுவது பெரும்பாலும் ஈரம் மிகுந்துதான். கலவையைப் பிழிந்தால் ஒன்றிரண்டு சொட்டு மட்டும் வர வேண்டும். வேர் பிடித்ததும் பையை ஒரே நாளில் கழற்றாமல் ஒரு வாரம் சிறிது சிறிதாகத் திறந்துவிடுங்கள்.

ஒன்றிரண்டு செடி போதும் என்றால் மண்பதியன் இன்னும் எளிது. ஏப்ரலில் தாழ்ந்த கிளையை வளைத்து, அடிப்பக்கப் பட்டையைக் கொஞ்சம் சீவி, எட்டு செ.மீ. ஆழத்தில் புதைத்துக் கல் வைத்துவிட்டால் அடுத்த வசந்தத்தில் வெட்டிப் பிரிக்கலாம். விதையும் குளிரூட்டாமலேயே முளைக்கும், ஆனால் தாய்ச்செடியின் நிறம் வராது. பெயர்ச்சீட்டில் வகை உரிமைக் குறி (வகையை உருவாக்கியவருக்குச் சட்டம் தரும் உரிமை) இருந்தால், அந்த உரிமையின் காலம் முடியும்வரை பதியனிட்டு விற்பதற்குச் சட்டத்தில் இடமில்லை. பிரிஸ்டல் ரூபி போன்ற பழைய வகைகளில் அந்தச் சிக்கல் இல்லை. அக்கம்பக்கத்தில் எவர் கேட்டாலும் வேர்விட்ட துண்டைத் தாராளமாகக் கொடுக்கலாம்.